அங்கிட்டா, இங்கிட்டா?

"இங்கிட்டுத்தான்மா, பயப்படாத."

இதை நான் சொல்லி இரண்டரை வருஷம் ஆகிறது. சொன்ன இடம் அவர்கள் வீட்டுத் திண்ணை, நேரம் நாலு மணி. நேரம் இவ்வளவு சரியாக நினைவிருக்கக் காரணம், நாலு பத்துக்குத் திருமங்கலம் பஸ். அதை விட்டால் அடுத்தது ஐந்தே முக்காலுக்கு. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தச் சம்பவத்தை இதுவரை இரண்டு மூன்று பேரிடம் சொல்லியிருக்கிறேன். ஒவ்வொரு தடவையும் பஸ் விஷயத்தை மட்டும் சொல்லாமல் விட்டுவிட்டேன்.

பையனுக்கு அப்போது ஐந்தரை வயசு. அம்மா வீட்டில் பூக்கட்டிக் கொடுப்பவள். சிறப்புக் கல்வி டீச்சராக நான் அந்த வீட்டுக்குப் போனபோது முறத்தில் மல்லிகை மொட்டு குவிந்திருந்தது, பக்கத்தில் நனைத்து வைத்த வாழைநார். என்னோடு பேசிக்கொண்டே கை கட்டிக்கொண்டிருந்தது. அவன் திண்ணை ஓரத்தில் உட்கார்ந்து, "கப்பலூர், திருநகர், திருப்பரங்குன்றம், பசுமலை, பழங்காநத்தம், பெரியார்" என்று கண்டக்டர் குரலில், அதே இழுப்போடு சொல்லிக்கொண்டிருந்தான். பெரியார் வந்ததும் மறுபடி கப்பலூர். நடுவில் ஒரு தடவை "தண்ணி வேணுமா?" என்றான். அவள் எழுந்து போய்ச் சொம்பைக் கொண்டுவந்து நீட்டினாள். குடித்தான். "தண்ணி வேணும்" என்று அவன் சொல்வதில்லை. எந்த வாக்கியம் காதில் விழுந்தால் தண்ணீர் வருகிறதோ அந்த வாக்கியத்தையே சொல்லித் தண்ணீரை வரவழைக்கிறான். மனநல மருத்துவர் லியோ கானர் 1943இல் 11 பிள்ளைகளைப் பற்றி எழுதிய கட்டுரையிலேயே இந்தப் பழக்கம் இருக்கிறது. பயிற்சி வகுப்புகளில் எத்தனையோ தடவை கேட்ட சங்கதி. ஆனால் அந்தச் சொம்பைப் பார்த்த பிறகுதான் எனக்கு அது விளங்கியது.

சாமி படத்துக்குப் பின்னாலிருந்து ஒரு சீட்டை எடுத்துவந்து கொடுத்தாள். ஆஸ்பத்திரிச் சீட்டு. பெயர், வயசு, அதற்குக் கீழே ஆங்கிலத்தில் மூன்றே எழுத்து: ஏ.எஸ்.டி. அப்புறம் ஒரு கையெழுத்து. எந்த ஆஸ்பத்திரி என்பது வேண்டாம். அந்த வரிசையில் நானும் பிள்ளைகளோடு நின்றிருக்கிறேன். ஒரு டாக்டருக்கு ஒரு பிள்ளையிடம் எத்தனை நிமிஷம் கிடைக்கும் என்று தெரியும்.

"டீச்சர், சின்ன ஓட்டைன்னா தானா அடைஞ்சுருமாமே, நெசமா?"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. எந்த ஓட்டை என்று கேட்டேன். நெஞ்சைத் தொட்டுக் காட்டினாள். கொழுந்தன் மகள் நர்ஸிங் படிக்கிறாளாம், சீட்டைப் பார்த்துவிட்டு, ஏ.எஸ்.டி. என்றால் இதயத்தில் ஓட்டை என்று சொல்லியிருக்கிறாள். அந்தப் பெண்ணைத் தப்புச் சொல்ல முடியாது. இதயத்தின் மேலறைகள் இரண்டுக்கும் நடுவிலுள்ள சுவரில் பிறவியிலேயே ஓட்டை இருந்தால் அதற்கும் மருத்துவர்கள் எழுதுவது இதே மூன்று எழுத்துதான். அதில் சின்ன ஓட்டைகள் சில தானாகவே மூடிக்கொள்வதும் உண்மைதான். 11 நாளாக இவள் பிள்ளையை ஓடவிடவில்லை, படியேறவிடவில்லை. ராத்திரி எழுந்து எழுந்து மூச்சு வருகிறதா என்று பார்த்திருக்கிறாள்.

நெஞ்சில் ஒன்றும் இல்லை, இது வேறு என்று சொன்னேன். கையில் இருந்த பூவை முறத்தில் போட்டுவிட்டு அழுதாள். அழுது முடித்து மூக்கைத் துடைத்துக்கொண்டு, "அப்ப இது என்ன டீச்சர்?" என்றாள்.

இங்கேதான் நான் நின்றிருக்க வேண்டும். நோயைப் பெயர் சொல்லி முடிவு செய்வது என் வேலை இல்லை. என் வேலை பார்ப்பது, குறித்துக்கொள்வது, அனுப்பிவைப்பது, அப்புறம் பயிற்சி கொடுப்பது. "டாக்டரிடமே மறுபடி கேட்போம்மா" என்று சொல்லியிருந்தால் விதிப்படி சரி. ஆனால் 11 நாள் இதய நோய் என்று நம்பியிருந்த பெண்ணிடம், இன்னும் 20 நாள் பொறு என்று சொல்ல எந்த வாய்க்கு வரும்? எனக்கு வரவில்லை. அதை இப்போதும் தப்பாக நினைக்கவில்லை.

"ஆட்டிசம்" என்றேன்.

"ஆஸ்துமாவா?"

"மதியிறுக்கம்னு தமிழ்ல சொல்வாங்க."

"மதின்னா மூளைதான டீச்சர்? இறுகிப்போச்சா?"

இந்தத் தமிழ்ச் சொற்களோடு எனக்குப் பல வருஷத் தகராறு உண்டு. படிவங்களில் 'புறஉலகச் சிந்தனையற்ற மதியிறுக்கமுடையோர்' என்று அச்சடித்திருப்பார்கள். திருமங்கலத்திலிருந்து பெரியார் வரை ஒரு ஸ்டாப் விடாமல் சொல்கிற பிள்ளைக்குப் புறஉலகச் சிந்தனை இல்லையாம். நம் ஊர் கவுன்சிலருக்கு அத்தனை ஸ்டாப்பும் தெரியுமா என்பது சந்தேகம். மூலச் சொல்லும் ஒன்றும் பெரிய ஒழுங்கு இல்லை. சுவிட்சர்லாந்து மனநல மருத்துவர் ஆய்கன் புளூலர் 1911 வாக்கில், மனச்சிதைவு வந்தவர்கள் தங்களுக்குள் ஒடுங்கிப்போவதைச் சொல்ல, 'தான்' என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து உண்டாக்கிய பெயர் அது. பிறகு கானர் அதைக் கடன் வாங்கிப் பிள்ளைகளுக்கு வைத்தார். அடுத்த வருஷமே வியன்னாவில் ஆஸ்பெர்கர், நன்றாகப் பேசுகிற, ஆனால் மற்றவர்களோடு ஒட்டாத பிள்ளைகளைப் பற்றி எழுதும்போது அவரும் அதே சொல்லை எடுத்தார். சீட்டில் இருந்த ஏ.எஸ்.டி. 'ஆட்டிசம் ஸ்பெக்ட்ரம் டிஸ்ஆர்டர்' என்பதன் சுருக்கம். அதில் 'ஸ்பெக்ட்ரம்' வந்து சேர்ந்தது வெகு காலம் கழித்து. லண்டனில் லோர்னா விங்கும் ஜூடித் கூல்டும் கேம்பர்வெல் பகுதிப் பிள்ளைகளை ஆராய்ந்து 1979இல் எழுதியதிலிருந்துதான், தனித்தனிப் பெட்டிகள் இல்லை, இது ஒரு தொடர்ச்சி என்ற எண்ணம் பிடித்துக்கொண்டது. விங் மருத்துவர் மட்டும் இல்லை, ஆட்டிசம் உள்ள ஒரு பெண்ணுக்கு அம்மா. 2013இல் அமெரிக்க மனநலக் கையேடு, ஆஸ்பெர்கர் உட்படப் பழைய பெயர்களை எல்லாம் ஒரே குடைக்குள் கொண்டுவந்து, எவ்வளவு உதவி வேண்டும் என்பதை வைத்து மூன்று நிலை என்று பிரித்தது. அதிலும் பேச்சு, பழக்கத்துக்கு ஒரு நிலை, ஒன்றையே திரும்பத் திரும்பச் செய்வதற்கு ஒரு நிலை என்று தனித்தனியாகத்தான் பார்க்கச் சொல்கிறது. ஒரே பிள்ளை ஒன்றில் ஒன்றாம் நிலை, மற்றதில் மூன்றாம் நிலை என்று இருக்கலாம்.

இவ்வளவும் எனக்கு அன்றைக்கே தெரியும். ஸ்பெக்ட்ரத்துக்கு இயற்பியல் பாடத்தில் இருக்கும் சொல் நிறமாலை. சிவப்பை யாரும் 'லேசான ஊதா' என்று சொல்வதில்லை. இதையும் வேறு கூட்டங்களில் பேசிக் கைத்தட்டு வாங்கியிருக்கிறேன்.

திண்ணையில் நான் செய்தது வேறு. முறத்தின் ஓரத்திலிருந்து ஒரு நாரை எடுத்தேன். இரண்டு கையாலும் இழுத்துப் பிடித்தேன். "இந்தாப் பாரும்மா. இந்த முனையில பேச்சே வராத, தானா சாப்பிடக்கூடத் தெரியாத பிள்ளைங்க இருக்காங்க. அந்த முனையில காலேஜ் படிச்சு வேலைக்குப் போறவங்க இருக்காங்க. எல்லாத்துக்கும் ஒரே பேருதான்."

அவள் நாரைப் பார்த்தாள். இந்த முனை, அந்த முனை. பூக்கட்டுகிறவளுக்கு நாரின் நீளம் பார்த்தவுடனே தெரியும். தெருவில் ஹாரன் ஏதோ கேட்டது, என் பஸ் இல்லை, இருந்தாலும் நான் திரும்பிப் பார்த்தேன்.

"அப்ப எம் புள்ள அங்கிட்டா, இங்கிட்டா டீச்சர்?"

நார் என் கையில்தான் இருந்தது. கோடு போட்டுக் காட்டியவளே நான்தான். கோடு காட்டினால் எங்கே நிற்கிறான் என்று கேட்கத்தானே செய்வார்கள்? காலேஜ் முனையைக் கண்ணால் காட்டி, "இங்கிட்டுத்தான்மா, பயப்படாத. லேசுதான்" என்றேன். அவள் முகம் மலர்ந்தது. அப்படி ஒரு மலர்ச்சியை என் வேலையில் நான் அதிகம் பார்த்ததில்லை. "நாலு பத்து போயிரும், நான் கெளம்புறேன்மா" என்று சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டினேன். பஸ் கிடைத்தது. ஜன்னலோர இடமும் கிடைத்தது.

எங்கள் பிசியோ சார் இதைக் கேட்டுவிட்டு, "அன்னைக்கு அந்தப் பொண்ணுக்குச் சோறு எறங்கணும்ல டீச்சர், அதுக்குத்தான சொன்னீங்க" என்றார். அதுதான் நானும் எனக்குச் சொல்லிக்கொள்வது. ஒரு மாசம் கழித்து முறையான மதிப்பீடு நடந்தபோது எனக்குச் சாதகமாகவே வந்தது. நம் நாட்டில் இதற்கென்று ஒரு அளவுகோல் வைத்திருக்கிறார்கள். 40 கேள்வி, ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 5 வரை மதிப்பெண். 70க்குக் கீழே என்றால் ஆட்டிசம் இல்லை. 70 முதல் 106 வரை லேசு, 107 முதல் 153 வரை நடுத்தரம், அதற்கு மேலே தீவிரம். இவனுக்கு 101. காகிதத்திலேயே 'லேசு' என்று இருந்தது. பார்த்ததும் எனக்கு ஒரு மூச்சு வந்தது, மறைக்க என்ன இருக்கிறது.

ஆனால் அந்த 40 கேள்விக்கும் பாதிப் பதில் அம்மா வாயிலிருந்துதானே வரும்? 'கண்ணைப் பார்த்துப் பேசுகிறானா' என்று கேட்டால், இங்கிட்டு நிற்கிற பிள்ளையின் அம்மா என்ன சொல்வாள்? "பாப்பான் சார், எங்கிட்ட நல்லாப் பாப்பான்" என்றுதான் சொல்லியிருப்பாள். அந்த 101இல் என் வார்த்தைக்கு எத்தனை மதிப்பெண் என்று யோசித்துக்கொண்டே இருக்கிறேன்.

அதற்குப் பிறகு நடந்ததில் கதையாகச் சொல்ல எதுவும் இல்லை. மதுரைக்கு வாரம் இரண்டு நாள் பேச்சுப் பயிற்சிக்கு அழைத்துப் போகச் சொன்னோம். மூன்று மாசம் போனாள், அப்புறம் நின்றுவிட்டாள். டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் இல்லை, ஆனால் போகிற நாளில் பூக்கூலி போனது போனதுதான். வீட்டுக்காரர் லோடு வண்டி ஓட்டுபவர், "லேசுக்கு எதுக்கு சர்டிபிகேட்டு? பின்னாடி வேலை வெட்டிக்குத் தடையாயிரும்" என்று சொல்லிவிட்டார். மாற்றுத்திறனாளிகளுக்காக 1995இல் வந்த சட்டத்தில் ஆட்டிசம் என்ற பெயரே கிடையாது. 2016 சட்டத்தில்தான் 21 வகைகளில் ஒன்றாகச் சேர்த்தார்கள். அப்படிப் போராடி உள்ளே வந்த பெயரை இவர்கள் வேண்டாம் என்றார்கள். என் பட்டியலிலிருந்தும் அவன் மெல்ல நகர்ந்துவிட்டான். பள்ளிக்கூடத்தில் சேர்ந்துவிட்ட, தொந்தரவு கொடுக்காத பிள்ளை. எழுந்திருக்க முடியாத பிள்ளைகள் வீட்டுக்கு முதலில் போக வேண்டியிருந்தது. லேசு என்ற சொல் அவன் அம்மாவை மட்டும் ஏமாற்றவில்லை, என் டைரியையும் ஏமாற்றியது.

அவள் ஏன் நிறுத்தினாள் என்று பிறகு கேட்டேன். கூலியைச் சொல்லுவாள் என்று எதிர்பார்த்தேன். "லேசுன்னா தானா சரியாயிரும்ல டீச்சர்? நாளாக நாளாக அடைஞ்சுருமுன்னு இருந்தேன்" என்றாள்.

அடைஞ்சுரும். அந்த ஓட்டை. நெஞ்சிலிருந்து ஓட்டையை எடுத்துவிட்டேன் என்று நினைத்துக்கொண்டு பஸ் ஏறினேனே, அவள் அதைத் தூக்கி இந்தப் புதுப் பெயருக்குள் வைத்துக்கொண்டாள். 'சின்ன ஓட்டை', 'லேசு', இரண்டும் அவளுக்கு ஒன்றுதான். வேறு என்ன நினைப்பாள்? லேசான காய்ச்சல் தானாகப் போகும், லேசான மழை தானாக விடும். நம் பாஷையில் லேசு என்றால் போய்விடக்கூடியது. ஆட்டிசம் போவதில்லை. பயிற்சியால் பிள்ளை வளரும், பேச்சு கூடும், ஆனால் இது கூடவே இருக்கும். இந்த ஒரு வரியைச் சொல்ல அன்றைக்கு ஒரு நிமிஷம் போதும்.

இரண்டாம் வகுப்பு முடியும்வரை பெரிதாக ஒன்றும் இல்லை. மூன்றாம் வகுப்பில் வகுப்பறை மாறியது. புது அறைக்கு நேர் வெளியே மணி. மணி அடித்தால் காதைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடுவான், ஒரு தடவை ரோடு வரை போய்விட்டான். பள்ளியில் அம்மாவைக் கூப்பிட்டு, மத்தியானத்தோடு கூட்டிப் போய்விடுங்கள் என்று சொன்னார்கள். மணி அடிக்கும் தண்டவாளத்தை நாலு வகுப்பு தள்ளி மாட்டுங்கள் என்று நான் போய்க் கேட்டதும் மாட்டினார்கள், அதையும் சொல்ல வேண்டும். ஆனால் அதற்குள் ஒரு பருவம் போயிருந்தது.

போன டிசம்பரில் மறுபடி மதிப்பீடு. வேறு ஆள், வேறு இடம். 112. நடுத்தரம்.

11 மதிப்பெண் வித்தியாசத்துக்குப் பல காரணம் சொல்லலாம். ஐந்தரை வயசில் எதிர்பார்ப்பது வேறு, எட்டு வயசில் எதிர்பார்ப்பது வேறு. கேட்கிற ஆள் மாறினாலும் மாறும். அவன் மோசமாகிவிட்டான் என்று அதற்கு அர்த்தம் இல்லை. பார்க்கப்போனால் பேச்சு கூடத்தான் கூடியிருக்கிறது. இதையெல்லாம் நான் மனசுக்குள் அடுக்கிக்கொண்டிருக்கும்போதே, அவள் காகிதத்தை மடித்துப் பைக்குள் வைத்துவிட்டு, குற்றம் சொல்லும் குரலே இல்லாமல், சந்தேகம் கேட்கிற மாதிரி கேட்டாள்:

"எப்ப டீச்சர் அங்கிட்டுப் போனான்? கூடவேதான இருந்தேன், நான் கவனிக்கலயே."

அவள் திட்டியிருந்தால் பதில் வைத்திருந்தேன். "நான் டாக்டர் இல்லைம்மா, அன்னைக்கே அதைச் சொன்னேன்ல" என்று சொல்லியிருப்பேன். (சொன்னேனா? சொன்னதாகத்தான் நினைக்கிறேன். உறுதியாகத் தெரியவில்லை.) இந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. அவன் எங்கேயும் போகவில்லை, அந்த நாரே பொய் என்று சொல்லியிருக்க வேண்டும். நான் சொன்னது: "சர்டிபிகேட்டுக்கு அதுதான்மா நல்லது. சதவீதம் கூட வரும்."

அதுவும் பொய் இல்லை. 40 சதவீதம் இருந்தால்தான் சட்டத்தில் உள்ள இடஒதுக்கீடு மாதிரிச் சலுகைகள் கிடைக்கும். இன்ன இடத்தில் நிற்கிறான் என்று ஒரு எண் இல்லாமல் எந்த மேஜையிலும் காகிதம் நகராது. கோடே இல்லை என்று கூட்டத்தில் பேசலாம், விண்ணப்பத்தில் கோடு இருக்கிறது.

லேசு என்ற சொல்லை இனி சொல்வதில்லை என்று முடிவு செய்து கொஞ்ச நாள் இருந்தேன். அதையும் முழுசாக நம்ப முடியவில்லை. என் பட்டியலில் 14 வயசுப் பையன் ஒருவன் இருக்கிறான். பேச்சு இல்லை, தலையைச் சுவரில் இடித்துக்கொள்வான், ராத்திரி தூங்கமாட்டான். அவன் அம்மா என்னைவிட மூத்தவர். எல்லாம் நிறமாலை, கூடக்குறைய என்று எதுவுமில்லை என்று என் புதுப் பேச்சை ஒரு நாள் அவரிடம் எடுத்துவிட்டேன். கேட்டுவிட்டு, "ஏன்மா, பஸ் ஸ்டாப்பு பேரு சொல்ற புள்ளயும் எம் புள்ளயும் ஒண்ணுன்னா, எம் புள்ளய யாரு பாப்பா?" என்றார். 2021இல் லான்செட் இதழ் அமைத்த குழுவும் ஏறக்குறைய இதைத்தான் கேட்டது. எந்நேரமும் ஆள் துணை தேவைப்படுகிறவர்களைக் குறிக்கத் தனியாக ஒரு சொல் வேண்டும், இல்லாவிட்டால் அவர்கள் கண்ணில் படாமல் போவார்கள் என்று எழுதியது. அதை எதிர்த்தவர்களும் நிறையப் பேர், ஆட்டிசம் உள்ள பெரியவர்களே எதிர்த்தார்கள். நான் யார் பக்கம் என்று கேட்டால், காலையில் போகிற வீட்டைப் பொறுத்து மாறுகிறது.

நாருக்குப் பதிலாகக் கதம்பத்தைக் காட்டியிருக்கலாமோ என்று ஒரு யோசனை வந்தது. மல்லிகை இருக்கும், கனகாம்பரம் இருக்கும், மரிக்கொழுந்து இருக்கும், ஒவ்வொரு சரத்திலும் ஒன்று கூட, ஒன்று குறைய. நல்ல உதாரணம் என்று சந்தோஷப்பட்டு அவளிடமே சொன்னேன். "அதுல எந்தப் பூவு வெல கம்மின்னு எனக்குத் தெரியும்ல டீச்சர்" என்று சிரித்தாள்.

போன செவ்வாய்க்கிழமை போயிருந்தேன். வாரம் ஒரு நாள் என்று மறுபடி ஆரம்பித்திருக்கிறோம். படம் ஒட்டிய அட்டைகளை வைத்து 'எனக்கு வேணும்' என்று சொல்லவைக்கிற பயிற்சி. இப்போதெல்லாம் அந்த வீட்டில் நான் கடிகாரம் பார்ப்பதில்லை. ஐந்தே முக்கால் பஸ் இருக்கிறது. அவள் வழக்கம்போல முறத்தோடு உட்கார்ந்திருந்தாள். அட்டைகளைத் தள்ளிவிட்டு அவன் எங்கேயோ பார்த்தபடி சொன்னான்:

"நாலு பத்து போயிரும், நான் கெளம்புறேன்மா."

என் குரல். 'கெளம்புறேன்' என்பதில் நான் கொடுக்கிற அவசரம்கூட அப்படியே இருந்தது. அவள் சிரித்துவிட்டாள். "நீங்க வந்தா மட்டும் சொல்வான் டீச்சர், ரொம்ப நாளாவே."

தண்ணீர் வருவதற்கு முன்னால் கேட்கிற வாக்கியத்தைச் சொல்லித்தான் அவன் தண்ணீர் கேட்பான். இந்த வாக்கியத்துக்குப் பின்னால் அவனுக்கு என்ன வந்தது? நான் போனேன், பஸ் வந்தது. இரண்டில் எதை இப்போது கேட்கிறான் என்று அவளிடம் கேட்டேன்.

"தெரியலயே டீச்சர்."

பையை எடுத்துக்கொண்டு எழுந்தேன். நான் செருப்பை மாட்டுவதற்குள் அவன் ரோட்டோரம் போய், பஸ் வரும் பக்கம் பார்த்து நின்றுகொண்டிருந்தான்.